‘திரு’ தீர்ந்துபோன ஊருக்கு எழுத்து கொடுத்தவர்களுக்கு

அன்புள்ள அனைவருக்கும் வணக்கம்.

நாவல் வந்துவிட்டது. பக்கங்கள் ஃபாரம் கணக்கில், பதினாறு பதினாறாகத்தான் ஏறும் என்று அச்சகத்தில் சொல்லிவிட்டார்கள். நன்றியுரை நீண்டால் இன்னொரு ஃபாரம் காகிதச் செலவு. அதனால் புத்தகத்தில் நான்கே வரி. சொல்லாமல் விட்டதெல்லாம் இந்த மடலில்.

இன்னும் படிக்காதவர்களுக்காக: ஏடகம் என்றொரு நாடு. அங்கே இருப்பது ஒரே ஒரு பதிப்பகம். அதன் எழுத்துப் பெட்டியில் எந்த எழுத்து இருக்கிறதோ, அதுதான் ஊரார் வாயிலும் இருக்கும். பெட்டியில் தீர்ந்துபோனால் பேச்சிலும் தீர்ந்துபோகும். இதைப் படித்தவர்கள், “இந்த மாயமெல்லாம் எப்படித் தோன்றியது?” என்று கேட்கிறார்கள். எனக்கு எங்கே தோன்றியது! நீங்கள் உங்கள் வேலையைப் பற்றிச் சொன்னீர்கள். நான் விளக்கத்தை மட்டும் எடுத்துவிட்டு மற்றதை அப்படியே எழுதினேன்.

முதலில், அச்சுக் கோக்கும் கம்பாசிட்டர் ஐயா. தருமபுரியில் காலால் மிதித்து அச்சடிக்கும் டிரெடில் மெஷின் ஓடிய காலத்தில் கல்யாணப் பத்திரிகையும் கோயில் நோட்டீசும் கோத்தவர் நீங்கள். பேனாவைக்கூட எழுத்துகளை அடுக்கும் ஸ்டிக்கைப் பிடிப்பது மாதிரி இடது கையில் வைத்துக்கொண்டுதான் பேசுவீர்கள். முகூர்த்த மாதம் வந்தால் ‘தி’யும் ‘ரு’வும் பெட்டியில் நிற்காது என்றீர்களே, நாவல் அங்கேதான் பிறந்தது. திருவளர்ச்செல்வன், திருநிறைச்செல்வி, திருமணம், திருக்கோயில் என்று ஒரே பத்திரிகை அத்தனை ஈய எழுத்துக் கட்டைகளையும் தின்றுவிடும். அச்சடித்து முடித்து, கலைத்துப் பெட்டியில் போட்டால்தான் அடுத்த வீட்டுக் கல்யாணம். ஏடகத்தில் இளவரசியின் கல்யாணப் பத்திரிகை கட்டு கட்டாக அச்சாகும்போது ஊரில் ஒருவராலும் ‘திருடன்’ என்று கத்த முடியவில்லை. திருடர்களுக்கு நல்ல அறுவடை. வாசகர்கள் விழுந்து விழுந்து சிரித்த அத்தியாயம் அது. அதில் என் பங்கு அந்தத் திருடர்கள் மட்டும்தான்.

1978 எழுத்துச் சீர்திருத்த ஆணைக்குப் பிறகு வேலையிழந்த பழைய வடிவ ‘லை’, ‘னை’, ‘றா’ கட்டைகளைப் பிஸ்கட் டப்பாவில் போட்டு வைத்திருந்தீர்கள். ஈயத்துக்கு எடைக்குப் போட்டிருந்தால் காசு வந்திருக்கும், மனசு வரவில்லை என்றீர்கள். ஏடகத்தில் அந்த எழுத்துகள் ஓய்வூதியம் வாங்கிக்கொண்டு திண்ணையில் உட்கார்ந்து புதிய எழுத்துகளைக் குறை சொல்லும். அவை பேசும் தோரணை யாருடையது என்று உங்கள் வீட்டில் எல்லோரும் கண்டுபிடித்துவிட்டார்களாம். கோபமில்லையே ஐயா?

அடுத்து, அருங்காட்சியகத்தில் நடுகற்களைக் காட்டி விளக்கிய அக்கா. நம் பகுதி நடுகல் பூமி என்று பள்ளிக்கூடத்திலேயே படித்ததுதான். ஆனால் பழைய வட்டெழுத்து வரியை விரலால் தொடர்ந்துகொண்டே, மாடு கவரும் சண்டையில் செத்தவனின் பெயர், ஊர், எந்த அரசனின் எத்தனையாவது ஆட்சியாண்டு என்று நீங்கள் படிக்கப் படிக்க, இது ஒரு பக்கப் புத்தகம் அல்லவா என்று எனக்குப் பட்டது. ஆசிரியர் பெயர் இல்லாத, நாயகன் செத்துப்போன புத்தகம். அதனால்தான் என் பதிப்பகத்துக்கு ராத்திரியில் நடுகற்கள் நடந்து வந்து, பிழைதிருத்தம் கேட்டு வரிசையில் நிற்கின்றன. மழையில் கரைந்த எழுத்தைத் திரும்பப் போட்டுத் தரச் சொல்கின்றன.

எடுத்தனூர்க் கல்லைப் பற்றியும் நீங்கள்தான் சொன்னீர்கள். திருவண்ணாமலை மாவட்டத்துக் கல் அது. மகேந்திரவர்ம பல்லவன் காலத்தது. கருந்தேவகத்தி என்ற வீரன் செத்த பிறகும் கோவிவன் என்கிற அவனுடைய நாய் இரண்டு கள்ளர்களைக் கடித்துக் காத்து நின்றதாம். நாய்க்கும் பெயர் போட்டுக் கல்லில் வெட்டியிருக்கிறார்கள்! அந்த நாயை அப்படியே கூட்டிவந்து பதிப்பக வாசலில் காவலுக்குக் கட்டிவிட்டேன். திருட்டுப் பிடிஎஃப் போடுகிறவர்களை மட்டும் மோப்பம் பிடித்துக் கடிக்கும். நிஜத்திலும் ஒன்று கிடைத்தால் தேவலை.

பாலக்கோடு வைத்தியர் ஐயாவுக்கு: எழுத்தாணியால் கீறிய ஓலையில் கரியும் இலைச்சாறும் தடவினால்தான் எழுத்து கண்ணுக்குத் தெரியும் என்று காட்டினீர்கள். வெற்று ஓலையில் கதை எழும்பிவரும் காட்சிக்கு அதற்குமேல் மந்திரம் தேவைப்படவில்லை.

ஒகேனக்கல் பரிசல்கார அண்ணன் காசு வாங்க மறுத்துவிட்டார். பரிசலைச் சுற்றிக் காட்டுங்கள் என்றதும் தலை கிறுகிறுக்கச் சுற்றினீர்கள் அண்ணா. பக்கங்கள் வரிசை கலைந்து ஆற்றில் போகும் அத்தியாயத்தை வீட்டுக்கு வந்த அன்றே எழுதினேன். வயிறு மட்டும் மறுநாள்தான் சரியானது.

மாங்கூழ் ஆலையில் என்னோடு கணக்குப் பார்க்கும் தோழிகளே, சீசன் நேரத்தில் என் ஷிப்டை மாற்றிக்கொண்டதற்கு நன்றி. பெங்களூரா மாம்பழ லாரிகள் வாசலில் வரிசை கட்டி நிற்கும்போது ஒருத்தி மூலையில் உட்கார்ந்து நாவல் எழுதுவதை இன்னொரு ஆலையில் பொறுத்துக்கொள்வார்களா, சந்தேகம்தான்.

கடைசியாக அண்ணி. கையெழுத்துப் பிரதியை முதலில் படித்துவிட்டு, “ராஜா வர்ற இடமெல்லாம் போரு, எடுத்துடு” என்றீர்கள். எடுத்தேன். அறுபது பக்கம் குறைந்தது, புத்தகம் நிமிர்ந்து உட்கார்ந்தது. ஏடகத்தில் இப்போது ராஜா பெயருக்குத்தான் இருக்கிறார். பதிப்பகத்துக் கணக்குப்பிள்ளை அம்மாதான் நாட்டை நடத்துகிறார். அவர் யார் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

மேலே சொன்ன எல்லோருக்கும் ஆளுக்கொரு பிரதி எடுத்து வைத்திருக்கிறேன். கிருஷ்ணகிரியில் அண்ணியின் தையல் கடையில் வந்து வாங்கிக்கொள்ளுங்கள். அண்ணி காசு கேட்பார். இந்த மடலைக் காட்டுங்கள். அப்போதும் கேட்டால் எனக்குப் போன் போடுங்கள், நான் கொடுத்துவிடுகிறேன்.