படுவான்கரை அங்கத்தவர்களின் பெயர்களைத் தேர்தலுக்கு முன் வாக்காளர் பட்டியலில் சேர்க்கக் கோரும் மனு

கூட்டுறவுத் துறைக்குப் பொறுப்பான அதிகாரி அவர்கள்,
மட்டக்களப்பு.

மதிப்புக்குரிய ஐயா,

விடயம்: பலநோக்குக் கூட்டுறவுச் சங்கக் கிளைத் தேர்தலுக்கான வாக்காளர் பட்டியலில் பெயர்கள் விடுபட்டமை

இதே விடயமாக ஏற்கனவே எழுதியிருந்தோம். கையில் கொடுத்த மனுவும் உண்டு, பதிவுத் தபாலில் அனுப்பியதும் உண்டு. ஒன்றுக்கும் பதில் வரவில்லை. தேர்தல் நெருங்குவதால் மறுபடியும் பணிவோடு எழுதுகிறோம். சங்கத்தின் பெயர், பதிவிலக்கம், விடுபட்டோர் விபரம் ஆகியன இணைப்பில் உள்ளன. தாங்கள் வாவிக்கு மேற்கே, படுவான்கரையிலுள்ள எங்கள் போரதீவுப்பற்றுப் பிரதேசத்துக்குக் கடமையாக வந்து போகிறவர். மண்டூர் எங்கே, பாலையடிவட்டை எங்கே என்று தங்களுக்கு நாங்கள் விளங்கப்படுத்தத் தேவையில்லை.

1. பட்டியல் தலைமைக் காரியாலயத்தில் மட்டுமே ஒட்டப்பட்டது. அதுவும் பெரும்போக அறுவடை நேரத்தில். கிளைக் கடைகளில் ஒட்டவில்லை.

2. இறந்துபோனவர்களின் பெயர்கள் அப்படியே இருக்கின்றன. உயிரோடு இருந்து இன்றைக்கும் சங்கக் கடைக்கு வந்து போகிறவர்களின் பெயர்கள் இல்லை.

3. எங்களுக்கு மிகவும் நோவது இதுதான். பெயர் விடுபட்டவர்கள் பங்குப் பணம் கட்டிய பற்றுச்சீட்டை நேரில் கொண்டுவந்து காட்ட வேண்டும் என்கிறார்கள். ஐயா, அதற்கு எங்கே போவது? 2007 மார்ச்சில் ஷெல் விழ விழ உடுத்த உடுப்போடு வாவிக்குக் கிழக்கே எழுவான்கரைக்கு ஓடி வந்த சனம் இது. பிள்ளையைத் தூக்குவதா, பற்றுச்சீட்டைத் தேடுவதா? திரும்பி வந்தபோது பல வீடுகளுக்குக் கூரையே இல்லை. விடுபட்டவர்களில் அதிகம் பேர் வயதான பெண்கள். கணவனை இழந்தவர்கள். ஒரு அம்மா தன் கையெழுத்துள்ள பழைய கூட்ட அறிக்கை சங்கத்திலேயே இருக்கிறது, எடுத்துப் பாருங்கள் என்று மன்றாடினார். பார்க்கவில்லை. சங்கத்தின் அங்கத்தவர் பதிவேடு யாரிடம் இருக்கிறது? சங்கத்திடம்தானே! தன்னிடம் இருக்கிற பதிவேட்டைப் புரட்டாமல், எல்லாம் இழந்தவளிடம் துண்டு கேட்பது என்ன நியாயம்? இடம்பெயர்ந்திருந்த நாட்களில் நிவாரண அரிசியும் மாவும் பருப்பும் சங்கக் கடையில்தான் அளந்து தந்தார்கள். அந்த நேரம் இவர்களின் பெயர்கள் எல்லாப் பட்டியலிலும் இருந்தன. வாக்கு என்று வந்தவுடன் மட்டும் எப்படி இல்லாமல் போயின?

சரி, துண்டு இல்லாவிட்டாலும் நேரில் போய்ச் சொல்வோம் என்றால், விசாரணையைப் பின்னேரத்தில் வைக்கிறார்கள். முடிந்து திரும்பும்போது, குருமண்வெளித் துறையில் வாவியைக் கடக்கும் பாதைப் படகுக்குக் காத்து நின்று மண்டூருக்கு வந்து, அங்கிருந்து உள்ளே போக இருட்டிவிடும். அந்த வழியில் யானை நிற்பது தங்களுக்குத் தெரியாததா? முழங்கால் நோவோடு இருக்கும் ஒரு மூதாட்டி தன் பெயரைக் கேட்க உயிரைப் பணயம் வைக்க வேண்டுமா?

4. தேர்தலுக்கு முன் கேட்டால் "பொறுங்கள், பார்ப்போம்" என்கிறார்கள். முடிந்த பிறகு கேட்டால் பிணக்காகத் தாருங்கள், நடுத்தீர்ப்புக்கு விடலாம் என்கிறார்கள். தீர்ப்பு வருவதற்குள் தெரிவானவர்களின் பதவிக்காலமே போய்விடும். மாகாண மேல் நீதிமன்றத்தில் எழுத்தாணை (றிட்) கேட்கலாம் என்று படித்தவர்கள் சொல்கிறார்கள். கூலி வேலை செய்து சீவிக்கிறவர்கள் சட்டத்தரணிக்குக் கொடுக்கக் காசுக்கு எங்கே போவது? கிழக்கு மாகாண சபை உறுப்பினர் யாரிடமாவது முறையிடலாம் என்றால், 2017 இல் சபையின் காலம் முடிந்தது முடிந்ததுதான்.

5. கிளையில் பெயர் போனால் அதோடு நிற்பதில்லை. கிளையிலிருந்துதான் பொதுச்சபைக்கு ஆட்கள் போகிறார்கள், பொதுச்சபைதான் இயக்குநர் சபையைத் தெரிவு செய்கிறது. எங்கள் நெல் களஞ்சியத்தைக் குத்தகைக்கு விடுவதா, கிளைக் கடையை மூடுவதா என்று இனி எங்கள் ஆள் ஒருவரும் இல்லாமலே முடிவெடுப்பார்கள். ஒருவருக்கு ஒரு வாக்கு என்பதற்காகத்தானே ஏழைகள் கூட்டுறவில் சேர்ந்தார்கள்?

ஐயா, கோபத்தில் ஏதும் கூடுதலாக எழுதியிருந்தால் மன்னித்துக்கொள்ளுங்கள். நாங்கள் கேட்பது சலுகை அல்ல. பட்டியலைச் சங்கத்தின் பதிவேட்டோடு ஒப்பிட்டுத் திருத்த உத்தரவிடுங்கள். பற்றுச்சீட்டு இல்லாதவர்களுக்கு அடையாள அட்டையையும் கிராம சேவையாளரின் உறுதிப்படுத்தலையும் ஏற்கச் சொல்லுங்கள். விசாரணையை எங்கள் பிரதேச செயலகம் உள்ள வெல்லாவெளியில், காலையில் வையுங்கள். திருத்திய பட்டியலை ஒவ்வொரு கிளைக் கடையிலும் ஒட்டச் செய்யுங்கள். சங்கம் மறுத்தால், 1972 ஆம் ஆண்டின் 5 ஆம் இலக்கக் கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 58 ஆம் பிரிவின் கீழ் இந்த மனுவையே பிணக்காக ஏற்று, தீர்ப்பு வரும்வரை கிளைத் தேர்தலை நிறுத்தி வையுங்கள்.

இந்த முறையாவது எழுத்தில் ஒரு பதில் தாருங்கள். தேர்தலுக்கு முன் பட்டியலைத் திருத்தித் தாருங்கள், ஐயா. முடிந்த பிறகு தந்து பயனில்லை.

இப்படிக்கு,
பெயர் விடுபட்ட அங்கத்தவர்கள் சார்பில்,
படுவான்கரைக் கிளை அங்கத்தவர்கள்
(ஒப்பங்களும் கைநாட்டுகளும் இணைப்பில்)