கத்திரி போடுங்கள், காரணத்தை எழுதிக் கொடுங்கள்

தமிழ்த் தொலைக்காட்சிகளின் நிகழ்ச்சிப் பிரிவுத் தலைவர்களுக்கு,

வணக்கம். உங்கள் காமெடி நிகழ்ச்சிகளுக்கு ஸ்கிட் எழுதிப் பிழைப்பவர்களில் நானும் ஒருவன். 2022 ஜனவரியில் ஜீ தமிழின் 'ஜூனியர் சூப்பர் ஸ்டார்ஸ்' மேடையில் இரண்டு பிள்ளைகள் மன்னரும் அமைச்சருமாக வந்து பணமதிப்பிழப்பைக் கிண்டல் செய்ததும், தகவல் ஒலிபரப்பு அமைச்சகம் ஏழு நாளில் பதில் கேட்டதும் உங்களுக்குத் தெரியாததல்ல. அமைச்சகமாவது எழுத்தில் கேட்டது. எங்கள் காட்சிகளை நீக்கும்போது நீங்கள் அதையும் செய்வதில்லை.

போன மாதம் ஒரு சேனலுக்கு எழுதிய காட்சி இது. அரண்மனை வாசலில் ஒரு பெரியவர். "நீ இந்த நாட்டுக்காரன்தான்னு என்ன அத்தாட்சி?" என்கிறான் காவலன். ரேஷன் கார்டு, வாக்காளர் அட்டை, ஆதார் என்று மடியிலிருந்து ஒவ்வொன்றாக எடுக்கிறார். எதுவும் செல்லாது. கடைசியில், "வரி கட்டின ரசீது இருக்குங்க." "அதை முதல்லயே சொல்லக் கூடாதா? உள்ளே வாங்க, இந்த வருஷ பாக்கி நிக்குது!"

ஒத்திகையில் லைட்மேன் வரை சிரித்தார்கள். படப்பிடிப்புக்கு முந்தைய இரவு ஒரு போன். "சார், அந்த வாசல் சீன் வேண்டாம். மேல சொல்றாங்க." மேலே யார்? "மேலதான் சார்." எந்த வரி? "மொத்தமாவே." அந்த இடத்தை நிரப்ப ஆண் நடிகர் ஒருவருக்குச் சேலை கட்டிவிட்டு, அவருடைய நிறத்தையும் பருமனையும் நாலு பேர் கேலி செய்தார்கள். அதற்கு மேலேயிருந்தும் போன் இல்லை, கீழேயிருந்தும் இல்லை.

1994 கேபிள் தொலைக்காட்சி விதிகளின் ஆறாவது விதியைக் காட்டுவீர்கள். தேச விரோத மனப்பான்மையை வளர்க்கக் கூடாது என்று அதில் இருக்கிறது, உண்மைதான். பெண்களை இழிவுபடுத்தக் கூடாது என்றும் அதே விதியில்தான் இருக்கிறது. அந்த வரி மட்டும் உங்கள் பிரதியில் அச்சாகவில்லை போலும். பெரியவரிடம் அத்தாட்சி கேட்பதைக் கிண்டல் செய்தால் எந்த உட்பிரிவு மீறப்படுகிறது? அதை எழுதிக் கொடுங்கள் என்றுதான் கேட்கிறேன்.

உங்கள் பயம் புரியாமல் இல்லை. டெல்லியைத் தொட்டால் நோட்டீஸ். சென்னையைத் தொட்டால் அரசு கேபிளில் சேனல் எங்கே போய் ஒளியுமோ என்ற கவலை. மறைந்த தலைவர்களின் குரலில் மிமிக்ரி செய்வது மட்டும்தான் இனி அரசியல் நையாண்டி என்றால் அதையாவது சொல்லிவிடுங்கள், நாங்கள் தொண்டையைப் பழக்கிக்கொள்கிறோம்.

சரி, வார்த்தை கொஞ்சம் தடித்துவிட்டது. நீக்குகிற உரிமை உங்களுடையது, பணம் போடுவதும் நீங்கள். நீக்கும்போது எந்த வரி, எந்த விதி, யார் முடிவு என்பதை மட்டும் மின்னஞ்சலில் எழுதி அனுப்புங்கள். நீக்கிய காட்சிக்கான சம்பளத்தையும் தயவுசெய்து சேர்த்துப் போடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு ஸ்கிட் எழுத்தாளன்