'ராஜா ஹரிச்சந்திரா' 40 நிமிடப் படமா?

ஆசிரியருக்கு,

தாதாசாகேப் பால்கே பற்றித் தங்கள் இதழில் வந்த கட்டுரை, 1913 மே 3 அன்று பம்பாய் காரனேஷன் சினிமாவில் வெளியான அவரது ஊமைப்படம் 'ராஜா ஹரிச்சந்திரா'வை 40 நிமிடப் படம் என்கிறது. பலரும் எழுதும் கணக்குதான். ஆனால் படத்தின் நீளம் சுமார் 3,700 அடி, 35 மி.மீ. ஃபிலிமில் அடிக்கு 16 ஃபிரேம், அதாவது 16 தனிப்படங்கள். பேசும்பட வேகத்தில், நொடிக்கு 24 ஃபிரேமாக ஓட்டினால்தான் 41 நிமிடம் வரும். அந்நாளில் கேமராவைக் கையால் சுற்றி எடுத்த வேகம் நொடிக்கு ஏறக்குறைய 16 ஃபிரேம். அதே வேகத்தில் ஓட்டினால் ஒரு மணி நேரம் தாண்டிவிடும். பழைய படங்களில் ஆட்கள் துள்ளித் துள்ளி ஓடுவதற்கும், மெதுவாக எடுத்ததை வேகமாக ஓட்டுவதே காரணம். நடிகர்களைச் சொல்லிக் குற்றமில்லை.

பால்கேயை 'இயக்குநர்' என்று மட்டும் சொல்லி நிறுத்தியதும் குறையே. ஓவியம், புகைப்படம், அச்சுத் தொழில் எல்லாம் பழகியவர் அவர். 1912இல் லண்டன் போய் வில்லியம்சன் கேமராவும் துளையிடும் கருவியும் வாங்கிவந்தார். பல்சக்கரம் பிடித்து நகர்த்த ஃபிலிமின் ஓரத்தில் துளை வேண்டும். கச்சா ஃபிலிம் அப்போது அந்த ஓரத்துளை இல்லாமல் வரும். இருட்டறையில் அதைத் துளையிட்டவர் மனைவி சரஸ்வதிபாய். ஃபிரேமுக்கு இருபுறமும் நான்கு நான்கு துளை. 3,700 அடிக்கு 4,73,600 துளைகள். வெட்டி எறிந்த ஃபிலிமும் பிரிண்டும் இந்தக் கணக்கில் இல்லை! துளை இடைவெளி மயிரிழை பிசகினாலும் திரையில் படம் குதிக்கும். பல்சக்கரம் ஓரத்தைக் கிழித்துவிடும்.

தந்திரக் காட்சிகளும் கேமராவுக்குள்ளேயே முடிந்தாக வேண்டும். இரட்டைப் பதிவுக்கு, அதாவது ஒரே ஃபிலிமில் இரண்டு காட்சிகளைப் பதிய, கறுப்புத் துணிக்கு முன்னால் முதல் பாதியை எடுத்து, லென்ஸை மூடி, கைப்பிடியை எண்ணியபடி பின்னோக்கிச் சுற்றி, மறுபடி எடுப்பார்கள். அக்காலக் கேமராக்களில் பொதுவாக ஒரு சுற்றுக்கு 8 ஃபிரேம். எண்ணிக்கையில் ஒரு சுற்று தவறினால் அரை நொடி பிசகு. முக்காலி லேசாக அசைந்தாலோ உருவத்தைச் சுற்றி நிழல் விழும். கழுவிப் பார்க்கும்வரை எதுவும் தெரியாது. கெட்டால் அந்த நீளம் முழுதும் வீண். பட்டாணி முளைப்பதைப் பால்கே ஒவ்வொரு ஃபிரேமாக எடுத்த சிறு படம் பணம் போடத் தயங்கியவர்களை இளக வைத்ததென்றால், அது இந்தக் கைப்பொறுமைக்குக் கிடைத்த கூலி.

இனி ஊமைப்படங்களைப் பற்றி எழுதும்போது நீளத்தை அடிக்கணக்கில் அச்சிடுங்கள். நிமிடத்தைச் சொன்னால், எந்த வேகத்தில் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஃபிலிம் லேப் பணியாளர்,
வடபழனி, சென்னை