வலப்பக்கச் சன்னல்

நாகூர்

அன்புள்ள சபாபதி,

இரண்டு கடிதங்களுக்கும் பதில் போடாத பாவி எழுதுகிறேன். வீட்டில் எல்லோரும் நலம். என் சர்க்கரை மட்டும் சொன்ன பேச்சைக் கேட்பதில்லை. பேரனின் காதுகுத்துக்கு வராததற்கு நேரில் திட்டு வாங்கிக்கொள்கிறேன்.

விஷயம் வாப்பாவைப் பற்றியது. கண் மூடுவதற்குள் இன்னொரு முறை கப்பலேற வேண்டும் என்று ஒரு வருடமாக நச்சரித்தார். 87 வயது, தேய்ந்த முழங்கால். நாகையிலிருந்து இலங்கையின் காங்கேசன்துறைக்கு 2024 ஆகஸ்டில் கப்பல் மறுபடி ஓடத் தொடங்கியதை டீக்கடையில் எவனோ சொல்லித் தொலைத்திருக்கிறான். வேறு யார், நம் மொட்டைதான். சென்ற மாதம் கூட்டிப்போனேன்.

'சிவகங்கை'யைப் பார்த்ததும் "இதுவா கப்பல்?" என்றார். அவர் மனத்தில் இருப்பது ரஜுலா. 1926-இல் கட்டிய கப்பல். தளப் பயணிகள் மட்டும் ஐயாயிரம் பேருக்கு மேல் ஏற்ற அனுமதி பெற்றது. உலகப்போரில் துருப்புகளைச் சுமந்தது. சிவகங்கையிலோ 150 பேர், குளிர்சாதனம், வரிசையாக இருக்கை. பாய் விரிக்க இடமில்லை என்பது அவருடைய முதல் புகார். 1955-இல் பினாங்குக்குப் போனபோது ரஜுலா வெளிக்கடலில் நங்கூரமிட்டு நிற்குமாம். தோணியில் போய், அலை தூக்கும் நொடி பார்த்து ஏணியில் கால் வைக்க வேண்டும். தகரப்பெட்டியைவிட ஊறுகாய்ப் பானைக்குத்தான் பயந்தாராம்.

சபர் என்னும் அந்தக் கடல் பயணம் முடிந்து திரும்பும்போது, கரைக்கு முன்பே நம் தர்காவின் பெரிய மனாரா, அந்தக் கோபுரம், தெரியும். 131 அடியாயிற்றே. ஒருவன் கண்டு கூவினால் போதும், தளமே வலப்பக்கம் ஓடும், மாலுமிகள் கத்துவார்கள். இதை நீயும் நூறு முறை கேட்டிருப்பாய்.

அதனால் திரும்பும்போது வலப்பக்கச் சன்னல்தான் வேண்டும் என்று ஒரு பையனோடு மல்லுக்கு நின்று வாங்கினார். கண்ணாடியில் நெற்றியைப் பதித்தபடி மூன்று மணி நேரம். வெறும் தண்ணீர். கடைசியில் அசந்து தூங்கிவிட்டார். இறங்கியதும் மெதுவாகக் கேட்டார்: "மனாராவை இடித்துவிட்டார்களா?" நான் சிரித்துவிட்டேன், சபாபதி. சிரித்திருக்கக் கூடாது.

அன்றிரவு பேத்தியின் அட்லஸைப் புரட்டியபோதுதான் உறைத்தது. பினாங்கிலிருந்து மேற்கே வரும் கப்பலுக்கு நாகூர் வலப்பக்கம். காங்கேசன்துறையிலிருந்து வடக்கே வருகிறவனுக்குக் கரை முழுக்க இடப்பக்கம்! துறைமுகத்துக்குத் திரும்பும் கடைசி நிமிடங்களில்தான் வலப்பக்கம் வந்திருக்கும். அப்போது அவர் குறட்டை.

தன் கண் அவிந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டிருக்கிறார். பேப்பரைத் தொட்டு நாலு நாளாகிறது. நான் திசையை விளக்கினால், ஆறுதலுக்குப் புளுகுகிறேன் என்கிறார். நீ முப்பது வருடம் புவியியல் நடத்தியவன். நீ சொன்னால் நம்புவார். பள்ளியில் கொழும்பை வங்காள விரிகுடாவுக்கு நடுவில் குறித்தவன் நீதான் என்பதை நான் வெளியே சொல்ல மாட்டேன்.

வெள்ளிக்கிழமைக்குள் வா. பாஸ்போர்ட்டையும் எடுத்து வா. நம்பிவிட்டால் அடுத்த நிமிடமே இடப்பக்கச் சன்னல் கேட்பார்; இந்த முறை கூடப் போகப் போவது நீ.

உன்
ஜமால்