பைஷிஜோவை விட்டுவிட்டீர்களே

ஆசிரியருக்கு வணக்கம்.

சீனப் பெருநகரங்கள் ஆளுக்கொரு பட்டத்தைச் சூட்டிக்கொண்டு பசுமைக்குப் போட்டி போடுவதைப் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையை, வியாபாரம் மந்தமாக இருந்த ஒரு மத்தியானத்தில் கடையிலேயே உட்கார்ந்து படித்து முடித்தேன். ஷென்ஜென்னைப் புகழ்ந்து எழுதிய பத்திகளில் ஒரு பெயர் வரும் என்று கடைசி வரி வரை தேடினேன். பைஷிஜோ. வெளியூரிலிருந்து பிழைக்க வந்தவர்கள் நெருக்கியடித்து வாடகைக்குக் குடியிருந்த ஷென்ஜென் பேட்டை. வரவேயில்லை. அதனால்தான் இந்தக் கடிதம்.

நான் ரிச்சி தெருவில் எலெக்ட்ரானிக்ஸ் உதிரிபாகம் விற்கிறவன். 2009 முதல் கொரோனா வரும் வரைக்கும் வருஷத்துக்கு இரண்டு தடவையாவது ஷென்ஜென் போய், ஹுவாச்சியாங்பெய் சந்தையில் சரக்கு எடுத்திருக்கிறேன். ஹாங்காங்கில் இறங்கி, ரயில் பிடித்து, லோஹு எல்லையில் பெட்டியை இழுத்துக்கொண்டு நடந்தால் ஷென்ஜென் வந்துவிடும். நகரத் திட்டமிடல் எல்லாம் படித்தவனில்லை. ஆனால் பத்து வருஷம் ஒரே ஊருக்குப் போய்வந்தால் எது மாறுகிறது, யார் காணாமல் போகிறார்கள் என்பது கண்ணில் படாமல் இருக்காது.

மின்பேருந்தைப் பற்றிக் கட்டுரை சொன்னதெல்லாம் சரி. முதலில் நான் போன நாட்களில் பஸ் நிறுத்தத்தில் டீசல் புகையில்தான் நிற்க வேண்டும். 2017 முடியும்போது நகரத்துப் பேருந்துகள் அத்தனையும், 16,000க்கும் மேலே, மின்சாரத்துக்கு மாறியிருந்தன. அடுத்த ஒரு வருஷத்தில் டாக்சிகளும் ஏறக்குறைய மாறிவிட்டன. சிவப்பு டாக்சி ஓடிய தெருக்களில் எங்கு பார்த்தாலும் நீல டாக்சி. பஸ் வந்து நின்ற சத்தமே கேட்காமல், முதுகைக் காட்டிக்கொண்டு நின்று இரண்டு தடவை பஸ்ஸைத் தவறவிட்டிருக்கிறேன். இது விளம்பரத்தால் வந்ததில்லை. டீசல் பஸ்ஸைவிட இரண்டு மூன்று மடங்கு விலையுள்ள வண்டி. மத்திய அரசும் நகர அரசும் மானியத்தைக் கொட்டின. மொத்த விலையையும் ஒரே நாளில் போடாமல் குத்தகைக்கு எடுத்தார்கள். பேட்டரிக்கு உற்பத்தியாளரே பொறுப்பு என்று எழுதி வாங்கினார்கள். ராத்திரி மின்சாரம் மலிவாக இருக்கும் நேரத்தில் சார்ஜ் ஏற்றினார்கள். வண்டி செய்கிற பிஒய்டி கம்பெனிக்கும் சொந்த ஊர் அதுவே. கணக்குப் போட்டுச் செய்த வேலை, பெயரும் தானாக வந்தது. வியாபாரியாக எனக்கு அந்த வரிசை பிடித்திருந்தது: முதலில் சரக்கு, அப்புறம் போர்டு.

போர்டு முதலில் வந்த கதையும் அதே ஊரில் இருக்கிறது. 'வந்துவிட்டால் நீ ஷென்ஜென்காரன்' என்று ஒரு வாசகம். 1980இல் சிறப்புப் பொருளாதார மண்டலமான அந்த நகரம் முப்பது வயதை எட்டியபோது, நகரத்தின் பத்துப் பெருங்கருத்துகள் என்று தேர்ந்தெடுத்தவற்றில் இதுவும் ஒன்று. தெருமுனையில் தன்னார்வலர்கள் நிற்கிற கூண்டுகளில்கூட எழுதியிருக்கும். எனக்கு அதைப் படித்துச் சொன்னது என் மொழிபெயர்ப்பாளர். ஹுனான் மாகாணத்துப் பெண். சந்தையில் எனக்காகப் பேரம் பேசி, பெட்டி கட்டும் வரை கூடவே நிற்பார். "அப்படியானால் நீயும் ஷென்ஜென்காரிதானே?" என்று கேட்டேன். "போர்டில் மட்டும்" என்றார். அவருடைய ஹுகோ, அதாவது குடும்பப் பதிவு, ஹுனானில் இருந்தது. 2020 கணக்கெடுப்பில் ஷென்ஜென்னின் மக்கள்தொகை 1 கோடியே 75 லட்சம். அதில் உள்ளூர்ப் பதிவு உள்ளவர்கள் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு. பிள்ளைக்கு அரசுப் பள்ளியில் இடம் கிடைப்பது முதல் பல காரியங்கள் அந்தப் பதிவைப் பார்த்துத்தான் நடக்கும்.

அவர் குடியிருந்தது பைஷிஜோவில். ஒருநாள் சாப்பிடக் கூட்டிப்போனார். மெட்ரோவில் அரை மணிக்குள் போய்விடலாம். முந்தைய ஸ்டேஷன் 'உலகத்தின் சன்னல்' என்கிற கேளிக்கைப் பூங்கா, 108 மீட்டர் உயரத்துக்கு ஈஃபில் கோபுரத்தின் நகல் நிற்கும். அடுத்த ஸ்டேஷன் பெரிய கணினிக் கம்பெனிகள் இருக்கிற தொழில்நுட்பப் பூங்கா. நடுவில், ஒரு சதுர கிலோமீட்டருக்கும் குறைவான இடத்தில், சுமார் ஒன்றரை லட்சம் பேர். எதிரெதிர் வீட்டுக்காரர்கள் சன்னல் வழியே கை குலுக்கிக்கொள்ளலாம் என்பதால் அந்தக் கட்டடங்களுக்குக் 'கைகுலுக்கல் வீடுகள்' என்றே பெயர். மத்தியானத்திலும் சந்துக்குள் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. தலைக்கு மேலே வயர்க் கற்றை, அதில் சொட்டிக்கொண்டிருந்த துணிகள். கீழே காய்கறிக் கடை, பல் டாக்டர், செல்போன் ரிப்பேர், பள்ளிக்கூடம் விட்டு வருகிற பிள்ளைகள். கரி அடுப்பில் முழுக் கத்தரிக்காயை வாட்டி, நடுவில் கீறி, பூண்டை நசுக்கிப் போட்டுக் கொடுத்தார்கள். சன்னலுக்கு வெளியே வயர்களுக்கு நடுவே ஈஃபில் கோபுரம் தெரிந்தது. பாரிஸுக்கு எதுக்குப் போக வேண்டும்!

ஒரு காலத்தில் அவையெல்லாம் உண்மையான கிராமங்கள். நகரம் வயல்களை எடுத்துக்கொண்டது, வீட்டுமனைகளை விட்டுவைத்தது. கிராமத்துக்காரர்கள் அந்த மனைகளில் ஆறு மாடி, ஏழு மாடி என்று எழுப்பி வாடகைக்கு விட்டார்கள். ஷென்ஜென்னைக் கட்டிய கொத்தனார், கம்ப்யூட்டர் புரோகிராம் எழுதுகிற பொறியாளர், சந்தையில் பெட்டி தூக்குகிறவர், முதல் வேலைக்கு வந்த பட்டதாரி என்று நகரத்தில் ஏறக்குறைய பாதிப் பேர் இப்படிப்பட்ட நகர்க்கிராமங்களில் வாழ்ந்தவர்கள். உங்கள் கட்டுரையாளர் பசுமை நகரத்துக்குக் கொடுத்த இலக்கணத்தை இங்கே பொருத்திப் பாருங்கள். குறைந்த நிலம், நெருக்கமான குடியிருப்பு, நடந்து போகிற தூரத்தில் கடையும் வேலையும், கார் வைத்துக்கொள்ள வழியே இல்லை. எல்லாம் பொருந்துகிறது. வெளிச்சமும் காற்றும் போதாது, தீப்பிடித்தால் வண்டி உள்ளே நுழையாது, அதையும் மறைக்கவில்லை. ஆனால் அதைச் சரிசெய்வது வேறு, மொத்தமாகத் துடைத்தெறிவது வேறு.

2019 கோடையில் பைஷிஜோவைக் காலி செய்யச் சொல்லி நோட்டீஸ் ஒட்டினார்கள். நஷ்டஈடு மனைக்குச் சொந்தக்காரர்களுக்கு. வாடகைக்காரர்களுக்கு அவகாசம் மட்டும், அதுவும் சில வாரங்கள். வீடு மாறினால் பள்ளிக்கூடம் போய்விடுமே என்று பெற்றோர்கள் திரண்டு முறையிட்டார்கள். அந்த நவம்பரில் நான் போனபோது கத்தரிக்காய்க் கடை இருந்த சந்தில் சிவப்புப் பெயின்ட்டில் ஏதோ எழுதி, கதவுகளைப் பலகை வைத்து அடைத்திருந்தார்கள். விந்தை என்னவென்றால், அதே 2019இல்தான் நகர்க்கிராமங்களின் பரப்பில் பாதிக்கும் மேலே இடிக்காமல் சீர்செய்து வைத்துக்கொள்வது என்று ஷென்ஜென் நகர நிர்வாகம் ஒரு திட்டம் வெளியிட்டது. புத்தி வந்தது நல்ல விஷயம். பைஷிஜோவுக்கு அது உதவவில்லை.

இடித்ததும் தோண்டியதும் எங்கே போகும் என்று கட்டுரை கேட்டிருக்க வேண்டும். 2015 டிசம்பர் 20ஆம் தேதி அந்த ஊரின் குவாங்மிங் பகுதியில், பழைய கல்குவாரி ஒன்றில் மலைபோல் குவித்திருந்த கட்டுமானக் கழிவு மண் சரிந்து 33 கட்டடங்களை மூடியது. 73 பேர் இறந்தார்கள், 4 பேர் கிடைக்கவேயில்லை. குவாரிக்குள் தேங்கியிருந்த தண்ணீரை வெளியேற்றாமலே மேலே மேலே கொட்டியிருக்கிறார்கள். மலை சரியவில்லை. அடுக்குமாடிக்கும் மெட்ரோவுக்கும் தோண்டிய மண் சரிந்தது. எந்தப் பசுமைப் பட்டியலிலும் இந்த மண்ணுக்குக் கணக்கு இருப்பதாக எனக்குத் தெரியவில்லை.

மற்ற ஊர்களை நான் அவ்வளவாகப் பார்த்ததில்லை, அதனால் சுருக்கமாக. பெய்ஜிங்கின் நீல வானம் பொய்யில்லை. ஒரு கன மீட்டர் காற்றில் நுண்துகள் அளவு 2013இல் ஆண்டுச் சராசரி 89.5 மைக்ரோகிராமாக இருந்தது, 2021இல் 33. ஆனால் 2017 நவம்பரில் டாசிங் மாவட்டத்தில் தீப்பிடித்து 19 பேர் இறந்ததும், அதைக் காரணம் காட்டி வெளியூர்த் தொழிலாளர்களைக் கடுங்குளிரில் வாரக்கணக்கில் விரட்டியதும் அதே நகரம்தான். அரசு ஆவணங்களில் இருந்த 'கடைநிலை மக்கள்தொகை' என்ற சொல் அப்போது ஊரறிய அடிபட்டது. சோங்சிங்கில் 2008இல், அப்போது அந்த நகரத்தின் கட்சிச் செயலாளராக இருந்த போ சிலாய் 'காட்டு நகரம்' என்று கிளம்பி, லாரி லாரியாக கிங்கோ மரங்களை இறக்கினார். ஆனால் அந்த ஊரின் அடையாள மரம் நம் ஆலமரத்துக்குப் பங்காளி, பாறைச் சுவரைக்கூடப் பிடித்துக்கொண்டு வளர்ந்து நிழல் கொடுப்பது. அனல் கக்கும் ஊரில் அதை ஓரங்கட்டிவிட்டு கிங்கோ எதற்கு? அது பக்கத்து ஊரான செங்டூவின் அடையாள மரம், போகட்டும்.

ஷாங்காயைக் கட்டுரை வெறும் ஒரு வரியில் தாண்டிவிட்டது, அது நியாயமில்லை. 2019 ஜூலையில் குப்பையை நான்காகப் பிரிக்க வேண்டும் என்று சட்டம் போட்டு, மீறினால் 50 முதல் 200 யுவான் அபராதம் என்றார்கள். ஜனங்கள் குழம்பியபோது ஊரே பன்றியை வைத்து ஒரு சூத்திரம் சொன்னது. பன்றி தின்பது ஈரக்குப்பை, பன்றிகூடத் தொடாதது உலர்குப்பை, தின்றால் பன்றி செத்துவிடும் என்றால் ஆபத்தான குப்பை, விற்றுப் பன்றி வாங்கலாம் என்றால் மறுசுழற்சி. இதை எந்த விளம்பரக் கம்பெனியும் எழுதிக்கொடுக்கவில்லை.

என் மொழிபெயர்ப்பாளர் இப்போது நகரத்தின் ஓரத்தில் இருக்கிறார். போன தீபாவளிக்கு எல்.இ.டி. சரம் அனுப்பியபோது பேசினோம். வேலைக்குப் போக ஒரு பஸ், அப்புறம் மெட்ரோ, ஒரு வழிக்கு ஒன்றேகால் மணி நேரமாம். கஷ்டமாக இல்லையா என்றேன். "பஸ் சத்தமே போடாது, தூங்கிக்கொண்டே போகலாம்" என்றார்.

இப்படிக்கு,
ரிச்சி தெரு வாசகர் ஒருவர்,
சென்னை – 2