குற்றப் பொறுப்புக்கு ஏழு வயது போதுமா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கொடுங்குற்றம் ஒன்றில் சிறார் சிக்கும்போதெல்லாம் சிறார் என்பதற்கான மேல்வரம்பு பதினாறா, பதினெட்டா என்றுதான் வாதிடுகிறோம். குற்றப் பொறுப்பு எந்த வயதில் தொடங்குகிறது என்பதை எவரும் கேட்பதில்லை. நம் நாட்டில் அந்த வயது ஏழு. 1860-ஆம் ஆண்டின் இந்திய தண்டனைச் சட்டம் வகுத்த இந்த வரம்பு, அதற்கு மாற்றாக 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்துள்ள பாரதிய நியாய சன்ஹிதாவின் 20-ஆவது பிரிவிலும் மாறாமல் இடம்பெற்றிருக்கிறது. ஏழுக்கு மேல் பன்னிரண்டுக்குள் இருக்கும் குழந்தையின் செயல், அதன் தன்மையையும் விளைவையும் எடைபோடும் மனமுதிர்ச்சி அக்குழந்தைக்கு இல்லாதிருந்தால் மட்டுமே குற்றமாகாது என்கிறது 21-ஆவது பிரிவு.

ஏழு வயது நிரம்பிய பிள்ளை பெரும்பாலும் இரண்டாம் வகுப்பில் இருக்கும். பக்கத்துப் பிள்ளையின் அழிப்பானை எடுத்து வைத்துக்கொண்டு, "என் பைக்குள்தானே சார் இருக்கு" என்று சாதித்த குழந்தைகளை என் பணிக்காலத்தில் நிறையவே பார்த்திருக்கிறேன். எடுத்தது தவறு என்று அவர்களுக்குத் தெரியும். அதற்கு அப்பால் என்ன நேரும் என்பது தெரியாது.

இவ்வயதுப் பிள்ளைகளைச் சிறைக்கு அனுப்புவதில்லையே என்று கேட்கலாம். உண்மைதான், 2015-ஆம் ஆண்டின் சிறார் நீதிச் சட்டம் அவர்களைக் காவல் நிலைய லாக்கப்பில் வைக்க இடம் தரவில்லை, 24 மணி நேரத்துக்குள், சிறார் வழக்குகளை விசாரிக்கும் இளைஞர் நீதிக் குழுமத்தின் முன் நிறுத்தச் சொல்கிறது. ஆயினும், எட்டு வயதுக் குழந்தையையும், விசாரணைக் காலத்தில் சிறாரை வைக்கும் கூர்நோக்கு இல்லத்தில் வைக்கச் சட்டத்தில் தடை இல்லை. பதினெட்டு வயது வரை தீய நோக்கம் அற்றவராகவே கருத வேண்டும் என்று தன் 3-ஆவது பிரிவில் சொல்வதும் இதே சட்டம்தான்.

எனக்கு வியப்பளிப்பது வேறொன்று. குழந்தையை அமர்த்திக் குற்றம் செய்விக்கும் பெரியவருக்கு மூன்று முதல் பத்து ஆண்டுகள் வரை சிறை என்று புதிய தண்டனைச் சட்டத்தின் 95-ஆவது பிரிவு கூறுகிறது. குழந்தை பிறர் கைக்கருவியாகலாம் என்பதை உணர்ந்து, பழைய சட்டத்தில் இல்லாத பிரிவொன்றைச் சேர்த்தவர்கள், ஏழு என்ற எண்ணை மட்டும் ஏன் தொடாமல் விட்டார்கள்?

நம் தண்டனைச் சட்டத்தை ஒட்டியே 1883-இல் தன் சட்டத்தை இயற்றிக்கொண்ட இலங்கை, எட்டாக இருந்த வயதை 2018-இல் பன்னிரண்டாக உயர்த்தியது. இவ்வயது குறைந்தது பதினான்காக இருக்க வேண்டும் என்று ஐ.நா. குழந்தை உரிமைக் குழு 2019-இல் பரிந்துரைத்தது. அக்குழு கண்காணிக்கும் உடன்படிக்கையில் இந்தியா 1992-இலேயே இணைந்துவிட்டது. கட்டாயக் கல்விக்கும் குழந்தைத் தொழிலாளர் தடைக்கும் நம் சட்டங்கள் கொண்டுள்ள எல்லையும் பதினான்குதான்.

ஆகவே 20-ஆவது பிரிவில் ஏழு என்பதைப் பதினான்கு எனத் திருத்தி, 21-ஆவது பிரிவை நீக்கி, அவ்வயதுக்கு உட்பட்டோரை இளைஞர் நீதிக் குழுமத்துக்குப் பதிலாக, பாதுகாப்பு தேவைப்படும் குழந்தைகளைக் கவனிக்கும் குழந்தைகள் நலக் குழுவிடம் ஒப்படைக்க வகை செய்ய வேண்டும். நம் நாடாளுமன்ற உறுப்பினர்கள் தனிநபர் மசோதாவாகவேனும் இதை அவையில் முன்வைக்க வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தொடக்கப்பள்ளித் தலைமையாசிரியர்,
மன்னார்குடி.