தங்கள் உதவி மையம் சொன்னதைச் செய்து நின்றுபோன பிரிண்டர்: கட்டணமின்றிச் சரிசெய்து தரக் கோரும் புகார்

அனுப்புநர்:
தங்கள் வாடிக்கையாளர்,
மன்னார்குடி, திருவாரூர் மாவட்டம்.

பெறுநர்:
மேலாளர் அவர்கள்,
வாடிக்கையாளர் சேவைப் பிரிவு.

நாள்: 24.02.2025

பொருள்: வாரண்டியில் உள்ள இங்க் டேங்க் பிரிண்டர் அச்சிடாமல் நின்றது, தவறான தொலைபேசி வழிகாட்டலால் பழுது பெருகியது, அதற்கு என்னிடமே கட்டணம் கேட்பது தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா / அம்மையீர்,

வணக்கம். 14.12.2023 அன்று எங்கள் ஊர்க் கடையொன்றில் 15,800 ரூபாய் கொடுத்துத் தங்கள் நிறுவனத்தின் இங்க் டேங்க் பிரிண்டரை வாங்கினேன். இரண்டு ஆண்டு அல்லது 30,000 பக்கம், இதில் எது முந்துகிறதோ அதுவரை வாரண்டி உண்டு என்று அட்டையில் அச்சிடப்பட்டிருக்கிறது. இதுவரை நான் எடுத்திருப்பது 6,412 பக்கம்தான் என்பதைப் பிரிண்டரே அச்சிட்டுத் தந்த நிலை அறிக்கை காட்டுகிறது. பத்தாம் வகுப்புப் பிள்ளைகள் இருபத்து மூன்று பேருக்கு வீட்டில் மாலை நேரத்தில் கணக்கும் அறிவியலும் சொல்லிக்கொடுப்பது என் பிழைப்பு. அவர்களுக்கான பயிற்சி வினாத்தாள்களை எடுப்பதற்காகவே இதை வாங்கினேன்.

03.02.2025 அன்று மாலை வட்டங்கள் பாடத்துக்கான வினாத்தாளை எடுத்தபோது, முதல் பக்கத்தில் கறுப்பு எழுத்துகள் வெள்ளைக் கீறல்களோடு வந்தன. இரண்டாம் பக்கத்தில் நீல நிறத்தில் வட்டமும் தொடுகோடும் தெளிவாக விழுந்திருந்தன. அவற்றின் கீழே இருக்க வேண்டிய வினாவின் எழுத்துகளில் பாதிக்கு மேல் காணோம். தாளைச் சரிபார்த்தேன். கறுப்பு டேங்கில் பாதி அளவுக்கு மை இருந்தது. கணினியில் வரிசையில் தேங்கி நின்ற அச்சுப் பணிகளை நீக்கிப் பார்த்தேன். பிறகு யுஎஸ்பி கேபிளையே கழற்றி வைத்துவிட்டு, பிரிண்டரில் உள்ள பொத்தானை அழுத்தி, மை வரும் துளைகள் அடைத்திருக்கின்றனவா என்று காட்டும் நாசில் செக் தாளை எடுத்தேன். மஞ்சள், நீலம், சிவப்பு மூன்றும் முழுமையாக வந்தன. கறுப்புக்குரிய படிக்கட்டுக் கோடுகள் மட்டும் பல் உடைந்த சீப்பைப் போல இருந்தன. கணினியின் தொடர்பே இல்லாமல் எடுத்த தாளிலும் அதே குறை இருந்ததால், பழுது கணினியில் பிரிண்டரை இயக்கும் டிரைவர் மென்பொருளிலோ வைஃபையிலோ இல்லை, தாளில் மையைத் தெளிக்கும் ஹெட்டிலோ அதற்கு மை வரும் வழியிலோதான் இருக்கிறது என்பது தெளிவு.

இதையெல்லாம் அன்றே தங்கள் உதவி மையத்தை அழைத்து விவரமாகச் சொன்னேன். பேசிய ஊழியர் மரியாதையாகத்தான் பேசினார். ஆனால் நான் சொன்னதற்கும் அவர் செய்யச் சொன்னதற்கும் பொருத்தமே இல்லை. டிரைவரை நீக்கி மறுபடியும் நிறுவச் சொன்னார். அதற்கே ஒரு மணி பத்து நிமிடம் போயிற்று. அதன்பின், துளைகளின் அடைப்பை நீக்கும் ஹெட் கிளீனிங்கை மூன்று முறை செய்யச் சொன்னார். சிறிது முன்னேற்றம் இருந்தது, முழுதாகச் சரியாகவில்லை. மறுநாள் அழைத்தபோது வேறொருவர் பேசினார். முந்தைய அழைப்பின் விவரம் அவர் முன்னால் இல்லை என்பதால், மீண்டும் டிரைவரிலிருந்தே தொடங்கி மேலும் நான்கு முறை கிளீனிங் செய்யச் சொன்னார். 06.02.2025 அன்று பேசிய மூன்றாமவர் இன்னும் நான்கு முறையும், அதற்கு மேல், இன்னும் வலுவான பவர் கிளீனிங் இரண்டு முறையும், இடைவெளி விடாமல் செய்யச் சொன்னார். ஆக நான்கு நாளில் பதினொரு சாதாரண கிளீனிங்கும் இரண்டு பவர் கிளீனிங்கும் நடந்தன. பாதி டேங்க் இருந்த கறுப்பு மை அடிக்கோட்டுக்குக் கீழே இறங்கிவிட்டதால், 420 ரூபாய்க்குப் புதிய பாட்டில் வாங்கி ஊற்றினேன்.

மூன்று முறை கிளீனிங் செய்தும் பலன் இல்லையென்றால் பிரிண்டரை அணைத்துவிட்டுக் குறைந்தது 12 மணி நேரம் சும்மா விட வேண்டும் என்றும், ஒரு பவர் கிளீனிங்குக்கும் அடுத்ததற்கும் இடையே அதே அளவு நேரம் தேவை என்றும் தங்கள் கையேட்டிலேயே எழுதியிருக்கிறது. இதை நான் பின்னால்தான் படித்தேன். தயாரித்த நிறுவனத்தின் ஆளே தொலைபேசியில் இருந்து ஒவ்வொரு பொத்தானாக அழுத்தச் சொல்லும்போது, யாரும் கையேட்டைப் புரட்டிப் பார்க்க மாட்டார்கள். மூவரில் ஒருவர்கூட இந்த இடைவெளியைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை.

கிளீனிங் என்பது செலவில்லாமல் நடக்கிற வேலை அல்ல என்பதைத் தாங்கள் என்னைவிட நன்றாக அறிவீர்கள். ஒவ்வொரு முறையும் ஹெட்டின் நுண்துளைகள் வழியாக மை உறிஞ்சப்பட்டு, பிரிண்டரின் அடியில் வீணான மையை உறிஞ்சி வைக்கும் வேஸ்ட் இங்க் பேடில் போய்ச் சேர்கிறது. பவர் கிளீனிங்கில் அந்த அளவு பல மடங்கு கூடுகிறது. எவ்வளவு மை சேர்ந்திருக்கும் என்பதை உள்ளே ஒரு கவுண்டர் கணக்கு வைத்துக்கொள்கிறது. இரண்டாவது பவர் கிளீனிங் முடிந்த சில நிமிடங்களில் இரு விளக்குகளும் மாறிமாறி மின்னத் தொடங்கின. இங்க் பேடின் ஆயுள் முடிந்துவிட்டது, சர்வீஸ் சென்டரை அணுகவும் என்று கணினித் திரையில் செய்தி வந்தது. அதுவரை கறுப்பில் மட்டும் குறை இருந்த பிரிண்டர், அன்று முதல் எந்த நிறத்திலும் ஒரு பக்கம்கூட எடுத்துத் தரவில்லை. பதினான்கு மாதப் பயன்பாட்டில் கவுண்டர் ஓரளவு ஏறியிருக்கும் என்பதை நான் மறுக்கவில்லை. மிச்சத்தை நிரப்பியவை அந்த நான்கு நாள்கள்தான்.

12.02.2025 அன்று டெக்னீசியன் வந்தார். வருகைக் கட்டணமாக 590 ரூபாய் வாங்கிக்கொண்டார். பேடைக் கழற்றி, செய்தித்தாளை விரித்து அதன்மேல் வைத்தார். மை வந்து விழும் ஓரம் கருநீலமாக ஊறியிருந்தது. மறுமுனை பஞ்சு போல வெள்ளையாகவே இருந்தது. அந்த இடத்தை விரலால் அழுத்திப் பார்த்தேன், ஈரமே இல்லை. கவுண்டர் ஈரத்தை அளப்பதில்லை, ஓடிய கிளீனிங்குகளை வைத்து மதிப்பிடுகிறது என்று அந்தத் தம்பியே விளக்கினார். பொறுமையான, வேலை தெரிந்த பிள்ளை. அவர்மேல் எனக்குக் குறை எதுவும் இல்லை. பேடின் படத்தை இத்துடன் இணைத்திருக்கிறேன்.

ஆனால் அவர் கையில் தரப்பட்ட மதிப்பீடு என்னைத் திடுக்கிட வைத்தது. பேட் நுகர்பொருள் என்பதால் வாரண்டி இல்லை என்று சொல்லி, அதை மாற்றிக் கவுண்டரைத் திருப்பி அமைக்க 1,450 ரூபாயும், ஹெட்டுக்கு 4,900 ரூபாயும் கேட்டிருக்கிறீர்கள். ஹெட்டுக்கு வாரண்டி மறுத்ததற்குக் காரணமாக, "வேறு மை பயன்படுத்தியிருக்கலாம்" என்று வேலைச் சீட்டில் எழுதியிருக்கிறது. இந்த ஒரு வரி எனக்குக் கிடைத்த எல்லாச் சிரமத்தையும்விட அதிகமாக வலித்தது. வாங்கிய நாளிலிருந்து தங்கள் நிறுவனத்தின் மையைத் தவிர வேறு மை இந்த டேங்குகளில் விழுந்ததில்லை. ஒவ்வொரு பாட்டிலின் பில்லும் என்னிடம் இருக்கிறது. காலி பாட்டில்களும் இருக்கின்றன. ஞாயிறுதோறும் எல்லா நிறமும் வரும்படி ஒரு பக்கமாவது எடுத்துவிடுவேன். பிரிண்டரின் சொந்தப் பொத்தானை அழுத்தி, ஹெட் தன் மூடிக்குத் திரும்பி நின்ற பிறகே சுவர் சுவிட்சை அணைப்பேன். எந்தச் சோதனையும் செய்யாமல் "இருக்கலாம்" என்ற ஒரு சொல்லை வைத்து வாரண்டியை மறுப்பது நியாயம் ஆகாது.

ஆகவே நான் கேட்பது இவைதாம். பேடையும், தேவைப்பட்டால் ஹெட்டையும் வாரண்டியின்கீழ் கட்டணமின்றி மாற்றித் தாருங்கள். பேடை மாற்றாமல் கவுண்டரை மட்டும் திருப்பி அமைத்துவிட்டுப் போக வேண்டாம். பின்னொரு நாள் மை அடியில் கசிந்தால் அதுவும் என் தவறாகவே எழுதப்படும். வருகைக் கட்டணம் 590, வீணான மைக்கு ஈடாக 420, ஆக 1,010 ரூபாயைத் திருப்பித் தாருங்கள். வேலைச் சீட்டில் உள்ள அந்த வரியை நீக்கி, உண்மையான பழுது என்ன என்பதை எழுத்தில் தாருங்கள். தொலைபேசியில் பேசும் ஊழியர்களுக்கு முந்தைய அழைப்பின் விவரம் தெரியவும், நாசில் செக் தாளில் என்ன வந்தது என்று அவர்கள் முதலில் கேட்கவும், மூன்று கிளீனிங்குக்கு மேல் போனால் பேட் நிரம்பும் என்று எச்சரிக்கவும் ஏற்பாடு செய்யுங்கள். இந்தக் கடைசிக் கோரிக்கையால் எனக்கு இனி லாபம் எதுவும் இல்லை. அடுத்து அழைப்பவருக்கு உதவும்.

பத்தாம் வகுப்புப் பொதுத்தேர்வு மார்ச் 28 அன்று தொடங்குகிறது. இப்போது வினாக்களைப் பலகையில் எழுதிப் போடுகிறேன். பிள்ளைகள் அதைப் பார்த்து எழுதி முடிக்கவே அரை மணி நேரம் போய்விடுகிறது. வடிவியல் படங்களுக்கு மட்டும் கடையில் நகல் எடுக்கிறேன். இந்த மாதம் போகும் ஒவ்வொரு மாலையும் அவர்களுக்குத் திரும்பக் கிடைக்காதது.

20.07.2020 முதல் நடைமுறையில் உள்ள நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம், 2019, தெரிவிக்க வேண்டிய தகவலை வேண்டுமென்றே தெரிவிக்காமல் விடுவதையும் சேவைக் குறைபாட்டில் சேர்க்கிறது. சுயதொழில் செய்து பிழைப்பதற்காக மட்டும் வாங்கிய பொருளை வணிக நோக்கத்துக்கானது என்று ஒதுக்க முடியாது என்பதையும் அதே சட்டம் சொல்கிறது. இக்கடிதம் கிடைத்த 15 நாள்களுக்குள் எழுத்தில் பதில் வரவில்லையென்றால், 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் பதிவு செய்துவிட்டு, நான் வசிக்கும் மாவட்டத்தின் நுகர்வோர் குறைதீர் ஆணையத்தில் முறையிடுவேன். அதற்கு முன் தாங்களே தீர்த்துவைப்பீர்கள் என்று நம்பித்தான் இதை எழுதுகிறேன். டெக்னீசியன் எந்த நாள் வந்தாலும் பகல் பன்னிரண்டு மணிக்குள் வரச் சொல்லுங்கள். நான்கு மணிக்குப் பிள்ளைகள் வந்துவிடுவார்கள்.

இப்படிக்கு,
தங்கள் வாடிக்கையாளர்,
மன்னார்குடி.

இணைப்பு: பிரிண்டர் மற்றும் மை பில்களின் நகல், நாசில் செக் தாள், நிலை அறிக்கை, வேலைச் சீட்டு, பேடின் படம்.